வாகை நிழல்

பங்குனி பிறந்தால் நமது நகரங்களில் இரண்டு காரியங்கள் மும்முரமாக நடக்கத் தொடங்குகின்றன. ஒன்று, குளிர்சாதன யந்திரங்களைச் சுவரில் பூட்டுவது. மற்றொன்று, முற்றத்து மரங்களை வெட்டுவது. வெயில் பொறுக்கவில்லை என்று யந்திரம் வாங்குகிற அதே வீட்டில், சருகு பொறுக்கவில்லை என்று மரத்தைத் தறிக்கிறார்கள். இரண்டுக்கும் ஆள் வேறு, கூலி வேறு. ஆகையால் இரண்டுக்கும் உள்ள சம்பந்தம் வீட்டுக்காரர் புத்தியில் படுவதில்லை போலும்!

யந்திரத்தை நிந்திப்பது நமது நோக்கமன்று. 2003-ம் வருஷம் மே மாதக் கடைசியில் சென்னையில் வெயில் 45 டிகிரி சென்டிகிரேடைத் தொட்டது. அத்தகைய நாட்களில் முதியோரும் நோயாளிகளும் கைக்குழந்தைகளும் படும் பாட்டை அறிந்தவர் எவரும், குளிர்ச்சி தரும் எந்தச் சாதனத்தையும் குறை கூறமாட்டார். ஆனால் ஒன்றை மறத்தலாகாது. அந்த யந்திரம் உஷ்ணத்தை அழிப்பதில்லை; அறைக்குள் இருப்பதை எடுத்துத் தெருவில் கொட்டுகிறது; தன்னை ஓட்டும் மின்சாரத்தின் சூட்டையும் அதனோடு சேர்த்துக் கொட்டுகிறது. யந்திரம் வாங்க வசதியில்லாத அண்டை வீட்டார் ஜன்னலைத் திறந்தால் அந்த அனல்தான் உள்ளே வருகிறது. மரத்தின் வழி வேறு. சுவரில் வெயில் விழாமல் அது தடுக்கிறது. அன்றியும், வேரால் உறிஞ்சிய நீரை இலைகளின் வழியே ஆவியாக விடுகிறது. அதற்கு வேண்டிய சூட்டைச் சுற்றியுள்ள காற்றிலிருந்தே எடுத்துக்கொள்கிறது. இந்தக் குளிர்ச்சி மதிலோடு நின்றுவிடுவதில்லை. வைத்தவருக்கும் கிடைக்கும், வைக்காதவருக்கும் கிடைக்கும், வழிப்போக்கருக்கும் கிடைக்கும்.

மரம் வைக்க வேண்டும் என்பதில் யாருக்கும் ஆட்சேபமில்லை. எந்த மரம் என்பதில்தான் விவகாரம். நாற்றுப் பண்ணைக்குச் செல்வோரில் பத்தில் ஒன்பது பேர், "சீக்கிரம் வளர வேண்டும், ஆனால் இலை உதிரக் கூடாது" என்றே கேட்கிறார்கள். கோரிக்கையின் முதற் பாதி நியாயமானது. வாடகை வீட்டிலிருந்து சொந்த வீட்டுக்கு வருவதற்குள் தலை நரைத்துவிடுகிற இந்நாளில், பேரன் காலத்தில்தான் நிழல் தருவேன் என்கிற மரத்தைப் பற்றிப் பேசிப் பயனில்லை. இரண்டாவது பாதியைத்தான் நாம் மறுக்கிறோம். இலையுதிர்க்கும் மரமே வீட்டு முற்றத்துக்கு உகந்தது என்பது நமது கட்சி. அத்தகைய மரங்களுள்ளும், இடம் இருப்பவர்களுக்கு வாகையைவிட மேலானது இல்லை என்று சொல்லுவோம்.

பனி பெய்யும் தேசங்களில் இலையுதிர்க்கும் மரத்தை வீட்டருகே வைப்பதற்குக் காரணம் வெளிப்படை. கோடையில் நிழல் வேண்டும். குளிர்காலத்தில் வெயில் வேண்டும். நமக்கு அந்தக் குளிர் ஏது, வருஷம் முழுவதும் நிழல் இருந்தால் நல்லதுதானே என்று கேட்கலாம். அப்படிக் கேட்பவர் ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் தம் வீட்டுச் சுவரைப் பார்க்கவில்லை என்றே கொள்ள வேண்டும். வடகிழக்குப் பருவமழையில் ஊறிய சுவர் மார்கழி வரை காய்வதில்லை. பாசி படர்கிறது, உள்ளே சுண்ணாம்பு பொரிந்து உதிர்கிறது, அலமாரியில் உள்ள புத்தகங்களில் பூஞ்சணம் பூக்கிறது. தை பிறந்து வருகிற வெயில் நமக்குச் சத்துருவன்று, அது செல்வம். புது நெல் காய்வதும், மிளகாய் காய்வதும், மெத்தை தலையணைகளை வெளியே போட்டு உதறுவதும் அந்த வெயிலில்தான். வடாம் இடுவதற்கும் அதுவே காலம். இந்த இரண்டு மூன்று மாதங்களிலும் முற்றத்தை இருட்டாக்கி வைத்திருக்கும் மரம் நல்ல அண்டை வீட்டாருக்கு ஒப்பாகாது. எப்பொழுது வர வேண்டும், எப்பொழுது விலக வேண்டும் என்று தெரிந்திருப்பது மரத்துக்கும் ஒரு குணமே.

வாகைக்கு அந்தக் குணம் உண்டு. மழை நின்று பனி தொடங்கியதும் அதன் இலைகள் பழுக்கின்றன. தை, மாசியில் மரம் பெரும்பாலும் மொட்டையாக நிற்கும். கிளை முழுவதும் வைக்கோல் நிறத்துத் தட்டை நெற்றுகள் மட்டும் தொங்கும். பங்குனி, சித்திரையில், நமக்கு நிழல் அவசியமாகிற தருணத்தில், புதுத் தளிர் விட்டுச் சில வாரங்களுக்குள் மூடிக்கொள்ளும். மண்ணில் ஈரம் எவ்வளவு என்பதைப் பொறுத்து ஊருக்கு ஊர் சில நாட்கள் முன்பின் ஆகலாம். தளிரோடு பூவும் வரும். நூல் நூலாகக் கேசரங்கள் திரண்ட, வெண்மையும் இளம்பச்சையும் கலந்த பூ. மாலையில் அதன் வாசனை தெருக்கோடி வரை செல்லும். இலைகள் சிறகு போல் பிரிந்து சிறு சிறு இலைகளாக அமைந்தவை ஆதலால் காற்று தடையின்றி உட்புகும். அந்தி சாய்ந்ததும் அவை கூம்பிவிடும். மாவின் அடியில் உள்ள இருண்ட நிழல் வேறு, வாகையின் அடியில் உள்ள சல்லடை நிழல் வேறு. பின்னதில் புல்லும் முளைக்கும். துளசிச் செடியும் பிழைக்கும்.

பெயரைப் பற்றி ஓர் எச்சரிக்கை செய்ய வேண்டியிருக்கிறது. நாம் முதன் முதலில் வாகை என்று பணம் கொடுத்து வாங்கி வந்து, மூன்று வருஷம் தண்ணீர் வார்த்து வளர்த்த கன்று, மஞ்சள் பூப் பூத்துத் தன்னை இயல்வாகை என்று அறிவித்துக்கொண்டது! தூங்குமூஞ்சி மரத்தையும் சிலர் தூங்குமூஞ்சி வாகை என்பர். அது தென் அமெரிக்கப் பகுதிகளிலிருந்து வந்தது. பூ இளஞ்சிவப்பாக இருக்கும். காய் கறுத்துச் சதைப்பற்றோடு ஒட்டும். ஊர்ச் சாலைக்கு ஏற்ற பெருமரமேயன்றி வீட்டு முற்றத்துக்கு ஏற்றதன்று. நாம் சொல்லும் வாகையை வடநாட்டார் சிரிஸ் என்பர். தாவர சாஸ்திரத்தில் அதன் பெயர் அல்பிஸியா லெபெக். காய்ந்த தட்டை நெற்றுக்குள் விதைகள் புடைத்துத் தெரிவதும், அசைத்தால் அவை கலகலப்பதும் அதன் அடையாளங்கள். கன்றை நம்பி ஏமாறுவதைவிட நெற்றைப் பார்த்து விதை எடுப்பதே உத்தமம்.

அந்தக் கலகலப்பைத் தமிழர் ஈராயிரம் ஆண்டுகளாகக் கேட்டு வருகின்றனர். குறுந்தொகையின் 7-ஆம் பாட்டு, காற்றில் ஒலிக்கும் வாகை நெற்றைக் கயிற்றின்மேல் ஆடும் கூத்தரின் பறையோசைக்கு ஒப்பிடுகிறது. மேற்கிந்தியத் தீவுகளில் இதே நெற்றுக்குப் 'பெண்ணின் நாக்கு' என்று பெயரிட்டிருக்கிறார்கள்; பெயரிட்டவர் ஆணாகத்தான் இருக்க வேண்டும். வடமொழியில் இதுவே சிரீஷம். காளிதாசனுக்கு அதன் பூ மென்மையின் எல்லை. சாகுந்தலத்தில் மகளிர் அதைக் காதில் செருகுகின்றனர். தமிழ் மரபிலோ அது வென்றவர் சூடும் பூ. தொல்காப்பியம் வாகையைப் பாலைத் திணைக்குப் புறனாக வகுத்தது. பாலைக்குரிய காலம் வேனில், பொழுது நண்பகல். வேனிலின் நண்பகலோடு சேர்த்து நினைக்கப்பட்ட ஒரு மரத்தை அதே வேனிலின் நண்பகலுக்கு மருந்தாக நாம் இங்கே சிபாரிசு செய்கிறோம்.

இன்னொரு பழைய செய்தியும் இங்கே பொருந்தும். அக்காலத்து அரசர் ஒவ்வொருவருக்கும் ஒரு காவல் மரம் இருந்தது. நன்னன் என்ற குறுநில மன்னனுக்கு அது வாகை. களங்காய்க்கண்ணி நார்முடிச் சேரல் அவனை வென்று அந்த வாகையை வெட்டினான் என்று பதிற்றுப்பத்து கூறுகிறது. காவல் மரத்தை வெட்டுவதற்கு அன்று பகைவன் படையெடுத்து வர வேண்டியிருந்தது. இன்று நாமே கூலி கொடுத்து ஆளை அழைக்கிறோம். வெட்டியபின் மரச்செக்கு எண்ணெய்தான் உடம்புக்கு நல்லது என்று கடைக்குச் சென்று, வாகை மரச் செக்கில் ஆட்டியதா என்று விசாரித்து, அதிக விலை கொடுத்து வாங்குகிறோம்! உறுதியான மரம் ஆதலால் செக்குக்கும் வண்டிக்கும் மேஜை நாற்காலிகளுக்கும் அது தொன்றுதொட்டுப் பயன்பட்டு வருகிறது.

இனி, வாகையின்மீது சாட்டப்படும் குற்றங்களுக்கு வருவோம். முதலாவது சருகு. இந்தக் குற்றச்சாட்டைச் சிரித்துத் தள்ளிவிட நாம் தயாராயில்லை. ஏனெனில், மரத்தடியில் சாய்வு நாற்காலியைப் போட்டுக்கொண்டு பத்திரிகை படிப்பவர் ஒருவர். குனிந்து துடைப்பம் பிடிப்பவர் வேறொருவர். பெரும்பாலான வீடுகளில் முன்னவர் ஆண், பின்னவர் பெண். வாகையின் சிற்றிலை மிகச் சிறியது; ஆகையால் வாரியில் சிக்காது; கிணற்றிலும் தண்ணீர்த் தொட்டியிலும் விழும்; மாடியின் மழைநீர்க் குழாயை அடைக்கும். அதன்பின் பூ உதிரும். பிறகு நெற்று உதிரும். நாள் தவறாமல் இரண்டு வேளை பெருக்கும் ஒரு தாயார் 'இந்த மரம் வேண்டாம்' என்று சொன்னால், அவரைப் பார்த்து இயற்கையின் மேன்மையைப் பற்றிப் பிரசங்கம் செய்பவர், முதலில் ஒரு தை மாதம் முழுவதும் தாமே பெருக்கிப் பார்க்கட்டும். நிழலில் உட்காருகிறவர் பெருக்க வேண்டும் என்பதை வீட்டுச் சட்டமாகச் செய்துவிட்டால், மரத்தைப் பற்றிய வழக்குகளில் பாதி தீர்ந்துவிடும் என்பது நமது அபிப்பிராயம்.

பெருக்கிய சருகைக் கொளுத்துவது மகா பாபம். புகை ஒருபுறம், நஷ்டம் மற்றொருபுறம். பயறும் அவரையும் போலவே வாகையும் வேர் முண்டுகளில் வாழும் நுண்ணுயிர்களின் உதவியால் காற்றிலுள்ள நைட்ரஜனைத் தன் வசமாக்கிக்கொள்ளும் ஜாதி. ஆகையால் அதன் தழை நல்ல உரம். ஆடு மாடுகளுக்கு நல்ல தீவனமுங்கூட. முற்றத்தின் மூலையில் ஒரு முழ ஆழம் குழி தோண்டி, சருகைப் போட்டு, சாணக் கரைசல் தெளித்து, மேலே மண் தூவி வந்தால், சிற்றிலை ஆதலால் சீக்கிரம் மக்கிவிடும். மழை தொடங்குமுன் பூச்செடிகளுக்கு எடுத்து இடலாம்.

இரண்டாவது குற்றம் புயல். இதில் வாகையின் பக்கம் நின்று வாதாடுவது சற்றுக் கடினம். 2016 டிசம்பர் 12-ந் தேதி வர்தா புயல் சென்னையைத் தாக்கியபொழுது ஆயிரக்கணக்கான மரங்கள் சாய்ந்ததை நேயர்கள் மறந்திருக்க மாட்டார்கள். சாலை ஓரங்களில் வைத்த மயிற்கொன்றை, இயல்வாகை, தூங்குமூஞ்சி முதலியவை விழுந்தவற்றுள் மிகுதி. வாகையின் வேரும் ஆழமாகச் செல்வதைக் காட்டிலும் பக்கங்களில் பரவுவதையே விரும்புவது. பெருங்காற்றில் அது சாயக்கூடும் என்பதை மறைப்பது நேர்மையன்று. நமது முற்றத்து வாகையின் மேற்குக் கிளை ஒரு கார்த்திகை மாதப் புயலில் முறிந்து அடுத்த வீட்டுக் கொல்லைத் தாழ்வாரத்தின்மேல் விழுந்தது. ஓடுகள் நொறுங்கின, நல்ல வேளையாக ஆளுக்கு அபாயமில்லை. ஓட்டுக்குப் பணம் கொடுத்தோம். ஆனால் பிழை மரத்தினுடையதன்று. ஆவணியிலேயே அந்தக் கிளையைக் குறைக்கச் சொல்லி அடுத்த வீட்டுப் பெரியவர் இரண்டு முறை வந்து சொன்னார். நிழல் போய்விடுமே என்று நாம்தான் நாளைக் கடத்தினோம்.

அன்று கற்ற பாடத்தை நேயர்களுக்குச் சொல்லிவிடுகிறோம். ஆடி கழிந்து பருவமழை தொடங்குமுன் வருஷந்தோறும் கிளைகளை நெகிழ்த்திவிட வேண்டும். உச்சியை மொட்டையடிப்பதன்று, அது மரத்தைக் கெடுக்கும். குறுக்கே ஓடும் கிளை, காய்ந்த கிளை, ஒரு பக்கமாகப் பாரம் ஏற்றும் கிளை இவற்றை அடியோடு நீக்கி, காற்று ஊடுருவ வழி செய்வது. கன்றாயிருக்கும்பொழுதே பக்கக் கிளைகளைக் கிள்ளி எட்டு, பத்து அடிவரை ஒரே தண்டாக ஏற்றினால், பின்னால் கவட்டையாகப் பிளக்கும் ஆபத்துக் குறையும். எல்லாவற்றிலும் முக்கியமானது வேருக்கு மண் விடுவது. அடிமரத்தைச் சுற்றிச் சிமெண்டைப் பூசி இறுக்கிவிட்டு, புயலில் விழுந்ததென்று மரத்தைக் குறை சொல்கிறோம். கால்களைக் கட்டிவிட்டு ஒருவனைக் காற்றில் நிற்கச் சொன்னால் அவன் என்ன செய்வான்?

எங்கே வைப்பது என்பதை யோசிக்கச் சூரியனுடைய போக்கைச் சற்றுக் கவனித்தால் போதும். மார்கழி, தையில் அவன் தெற்கே சாய்ந்து செல்கிறான். தெற்குச் சுவரில் வெயில் விழுகிறது. சித்திரை, வைகாசியில் உச்சிக்கு ஏறக்குறைய நேராக வருகிறான். அப்பொழுது சுவர்களுள் அதிகமாகக் காய்வது, பிற்பகல் இரண்டு மணி முதல் அஸ்தமனம் வரை அடிபடுகிற மேற்குச் சுவர். செங்கல்லும் கான்கிரீட்டும் அந்தச் சூட்டை வாங்கி வைத்துக்கொண்டு இரவில் உள்ளே விடுகின்றன. மேற்கு அறையில் படுப்பவர் நடுநிசியில் விசிறி தேடுவதன் காரணம் இதுவே. ஆகையால் வாகை நிற்க வேண்டிய இடம் மேற்கு, இல்லையேல் தென்மேற்கு. தெற்குப் பக்கம் அதன் நிழல் விழுந்தாலும் தையில் இலை இராது ஆதலால் கேடில்லை. சுவரிலிருந்து 15 முதல் 20 அடியாவது தள்ளி வைக்க வேண்டும். கிணறு, கழிவுநீர்த் தொட்டி, தலைக்கு மேல் செல்லும் மின்சாரக் கம்பி இவை மூன்றுக்கும் சமீபத்தில் வைக்கலாகாது.

இவ்வளவு இடம் எல்லோருக்கும் ஏது? ஒரு கிரவுண்டு, அதாவது 2400 சதுர அடி மனையில் வீட்டை மதிலோடு ஒட்டிக் கட்டியவர்களுக்கு வாகை ஏற்றதன்று. வலிய வைத்துப் பத்து வருஷத்தில் வெட்டுவதைவிட வைக்காமலிருப்பது மேல். அவர்கள் புங்கை வைக்கலாம். அதுவும் மாசி வாக்கில் இலை உதிர்த்துச் சில நாட்களுக்குள் புதுப்பித்துக்கொள்ளும். அதற்கும் இடமில்லாதவர் வாதநாராயணனை வைத்துக் கழித்துக் கழித்து வளர்க்கலாம். வாகையை அவர்கள் தெரு முனையிலோ, பள்ளிக்கூடத்து மைதானத்திலோ, குளக்கரையிலோ அனுமதி பெற்று வைக்கட்டும். ஃப்ளாரிடா போன்ற அந்நியப் பிரதேசங்களில் விதை பரவி இது களையாகிவிட்டது என்பது உண்மை. ஆனால் இங்கே அது வந்தேறியன்று, இந்த மண்ணின் பிரஜை.

வளர்ப்பது சுலபம். தை, மாசியில் முற்றிய நெற்றுகளை எடுத்து, வண்டு துளைக்காத விதைகளைப் பொறுக்க வேண்டும். விதையின் தோல் கெட்டி. அப்படியே ஊன்றினால் சில விதைகள் மாதக்கணக்கில் அசையாமல் கிடக்கும். கொதித்த நீரை அடுப்பிலிருந்து இறக்கி, அதில் விதைகளைப் போட்டு, ஒரு நாள் அப்படியே ஆற விட வேண்டும். ஊதிப் பெருத்தவற்றை மட்டும் எடுத்து, மண்ணும் மணலும் மக்கிய எருவும் கலந்த பைகளில் அரை அங்குல ஆழத்தில் ஊன்றினால் ஓரிரு வாரங்களில் முளை காணும். ஊன்றிய பைகளைப் பங்குனி, சித்திரை வெயிலில் போடாமல் ஓலைப் பந்தலின் கீழ் வைத்து, காலையும் மாலையும் தெளித்து வர வேண்டும்.

கன்று ஒரு முழத்துக்குமேல் வளர்ந்தபின், ஆவணி, புரட்டாசியில், இரண்டு அடி நீள அகல ஆழமுள்ள குழியில் மேல்மண்ணும் தொழு உரமும் இட்டு நட வேண்டும். வரப்போகும் மழை வேரை மண்ணோடு பிணைத்துவிடும். உடனே வேலி அவசியம். ஆடுகளுக்கு வாகைத் தழையின்மீது உள்ள பிரியத்தை நாம் அனுபவத்தில் அறிவோம். ஒரு பகல் கதவு திறந்திருந்ததில் ஒரு வருஷத்து வளர்ச்சி போயிற்று. ஆயினும் அடி மிச்சமிருந்தால் மீண்டும் தழைக்கும். அந்த விஷயத்தில் வாகை மான ரோஷம் பாராட்டுவதில்லை.

மரம் வைத்தவன் தண்ணீர் வார்ப்பான் என்ற பழமொழியைச் சொல்லிவிட்டுச் சும்மா இருப்பவர்கள் நம்மில் அதிகம். முதல் இரண்டு கோடைகளில் வாரம் இருமுறையாவது தண்ணீர் விட வேண்டும். தண்டின் அடியிலேயே கொட்டாமல், வருஷத்துக்கு வருஷம் வட்டத்தை அகலமாக்கி வெளியே வார்த்தால், வேர் அந்த ஈரத்தைத் தேடிப் பரவிப் பிடிமானம் பெறும். கழுநீரும் குளித்த நீரும் போதும். சோப்பு மட்டும் அதிகமாக இருத்தலாகாது. மூன்றாம் வருஷம் அது மதிலை எட்டிப் பார்க்கும். மண்ணும் நீரும் வாய்த்த இடத்தில் ஐந்தாம் வருஷத்துச் சித்திரைக்குள் ஒற்றை மாடிக்கு மேலே தலை தூக்கிவிடும். அப்பொழுது அதன் கீழே சாய்வு நாற்காலியைப் போட்டுக்கொள்ளலாம். துடைப்பத்தையும் பக்கத்திலேயே சாத்தி வைத்துக்கொள்ள வேண்டும்.